ராக்கம்மாவின் முகத்துக்கு வைத்த பெயர்

“என் மூஞ்சியப் பாக்க நான் யாருகிட்டங்க உத்தரவு வாங்கணும்?”

நுவரெலியாவில் ஓர் ஏப்ரல் மாதப் பிற்பகல். மழை சாய்ந்து அடித்துக்கொண்டிருந்தது. ஓவியக் கண்காட்சி நடந்த மண்டபத்தின் வாசற்படியில், நனைந்த கம்பளியைத் தலைக்கு மேல் பிடித்தபடி நின்ற ராக்கம்மா கேட்ட கேள்வி அது. பின்னால் அவருடைய கணவர் சன்னாசி, சட்டைப் பையைக் கையால் பொத்திக்கொண்டு நின்றார்.

வாசலை மறித்த சேவகருக்குத் தமிழ் விளங்கவில்லை. “இன்விடேஷன் தியெனவாத?” என்று மறுபடியும் கேட்டார். அழைப்பிதழ் இருக்கிறதா என்று அர்த்தம்.

ராக்கம்மா உடனே சிங்களத்துக்கு மாறினார். “மகே மூண தமய் அத்துலே தியென்னே!” உள்ளே இருப்பது என் முகம்தான் என்றார். சேவகர் அதை வேடிக்கைப் பேச்சென்று நினைத்துச் சிரித்தார்.

உள்ளே பியானோ ஒலித்துக்கொண்டிருந்தது. மெழுகு போட்டுத் தேய்த்த பலகைத் தரை. வருஷத்துக்கு ஒரு தடவை பெட்டியிலிருந்து வெளியே வரும் கோட்டுகளின் பூச்சி உருண்டை வாசம். எண்ணெய் வர்ணத்தின் நெடி. கொழும்பின் பெரிய மனிதர்கள் வெயிலுக்குப் பயந்து மலையேறி வரும் காலம் அது. காலையில் பூக்கள், பகலில் குதிரைப் பந்தயம், மாலையில் கலை என்று அவர்களுக்குப் பொழுது போகும்.

நான் ஒரு மூலையில் சின்ன மேசை போட்டுக் கடைசிப் பெயர் அட்டைகளை எழுதிக்கொண்டிருந்தேன். அந்தக் குரல் எனக்குத் தெரியும். ஒரு மலையிலிருந்து கூப்பிட்டால் அடுத்த மலையில் கேட்கும் குரல். பேனாவை வைத்துவிட்டு எழுந்தேன்.

அந்த அம்மாள் ஏன் அங்கே வந்து நின்றார் என்பதைச் சொல்ல வேண்டும். அதற்கும் முன், இதை ஏன் இந்த வாரப் பத்தியில் எழுதுகிறேன் என்பதைச் சொல்லிவிடுகிறேன்.

தர மறுத்த படம்

“நகரத்துக் கலையைப் பற்றி எழுத வந்தவர் ஏன் வாராவாரம் கோபப்படுகிறீர்கள்? ஓவியங்களின் அழகைப் பற்றி எழுதக்கூடாதா?” என்று வாசகி ஒருவர் கேட்டிருந்தார். நியாயமான கேள்விதான். கொழும்பில் புதிதாகத் திறந்திருக்கும் காட்சிக்கூடங்களைப் பற்றி அழகாகவே எழுதத் தொடங்கினேன். பாதியில் ஒரு தொலைபேசி அழைப்பு வந்தது.

எங்கள் அருங்காட்சியகத்தில் மலைநாட்டை வரைந்த ஓவியங்களை ஒன்றுசேர்த்து ஒரு கண்காட்சி வைக்க ஏற்பாடு செய்துகொண்டிருக்கிறோம். அதற்காக ஒரு வீட்டின் சாப்பாட்டு அறையில் தொங்கும் ஓவியத்தை இரவல் கேட்டிருந்தேன். தருகிறோம் என்றார்கள். படத்துக்குக் கீழே அதிலிருக்கும் பெண்ணின் பெயரையும் எழுதுவேன் என்று ஒரே ஒரு நிபந்தனை சொன்னேன்.

“அது முடியாதே,” என்றார் வீட்டுக்காரர், மிகவும் மென்மையாக. “கலைஞர் வைத்த தலைப்பு இருக்கிறது. அவருடைய விருப்பத்தை நாங்கள் மதிக்கிறோம்.”

“அந்தப் பெண்ணின் விருப்பம்?”

“அவள் யாரென்று இப்போது யாருக்குத் தெரியும்?”

“எனக்குத் தெரியும்,” என்றேன். படம் வேண்டாம் என்று சொல்லித் தொலைபேசியை வைத்தேன். பாதி எழுதிய கட்டுரையைக் கிழித்துப் போட்டேன். வயதாகிவிட்டதென்று என் உதவியாளர் நினைத்திருப்பார்.

என் வாழ்நாளில் முக்கால்வாசியை அருங்காட்சியகங்களுக்குள் கழித்துவிட்டேன். ஒரு துரையின் படத்தில் அவர் காலடியில் படுத்திருந்த நாயின் பெயரைப் பித்தளைத் தகட்டில் பொறித்து வைத்திருந்ததைப் பார்த்திருக்கிறேன். பக்கத்துச் சுவரில் கூடையோடு நின்ற பெண்ணுக்கு “தமிழ்ப் பெண்” என்று மட்டும் போட்டிருந்தார்கள். நாய்க்கு ஒரு பெயர் இருந்தது. அவளுக்கு இல்லை.

இதெல்லாம் பழைய கதை என்பீர்கள். போன மாதம் இந்த நகரத்தில் ஒரு திறப்பு விழா. துருப்பிடித்த தகரங்களைக் கூரையிலிருந்து தொங்கவிட்டு, அதுதான் தோட்டத்து லயம் என்றார்கள். லயம் என்றால் வரிசையாகக் கட்டிய தொழிலாளர் குடியிருப்பு. வந்தவர்கள் தகரத்துக்கு முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். “இது யார் வீட்டுக் கூரை, தம்பி?” என்று கலைஞரிடம் கேட்டேன். அவருக்குத் தெரியவில்லை. கேட்க வேண்டுமென்று தோன்றவும் இல்லை. நல்ல பிள்ளைதான், திறமையும் இருக்கிறது. ஆனால் அந்தக் கூரைக்குக் கீழே படுத்திருந்தவர்களுக்கு அதனால் என்ன?

பங்களாவுக்கு வந்த விருந்தாளி

என் அப்பா திம்புள்ளப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில் பாடசாலைத் தலைமையாசிரியர். வேதக்காரக் குடும்பம், அதாவது கிறிஸ்தவர்கள். மிஷன் பள்ளியில் படித்ததால் எனக்கு ஆங்கிலம் வரும். அதே தோட்டப் பள்ளியில் சின்ன வகுப்புகளுக்கு நான் டீச்சர்.

நாடு சுதந்திரம் பெற்றுச் சில வருஷங்கள் ஆகியிருந்தன. ஒரு நாள் தோட்டத்தை நிர்வகித்த துரை ஆளனுப்பினார். கொழும்பிலிருந்து ஓர் ஓவியர் பங்களாவுக்கு வந்திருக்கிறார், கொழுந்து பறிக்கும் பெண்ணொருத்தியை வரைய வேண்டுமாம், அவருக்குத் தமிழ் தெரியாது, டீச்சர் வந்து பேசிக் கொடுக்க வேண்டும்.

காலையில் ஆட்களைக் கூட்டி வேலை பிரிக்கும் பெரட்டுக் களத்தில் ஓவியர் பெண்களின் முகங்களைப் பார்த்துக்கொண்டே நடந்தார். ராக்கம்மாவின் முன்னால் நின்றுவிட்டார். முப்பதை ஒட்டிய வயது. அகன்ற நெற்றி, கன்னத்தில் அம்மைத் தழும்பு, யாரானாலும் நேராகப் பார்க்கும் கண்கள். கங்காணியோடு சண்டை பிடிக்காத நாள் அவருக்கு விடியாத நாள் என்று தோட்டத்தில் பெயர்.

“என்னைய எதுக்குங்க டீச்சரம்மா?”

“உங்களப் படமா வரையப் போறாராம் அக்கா.”

“இத்தன பேரு இருக்க என்னையவா?” என்று சுற்றிலும் பார்த்தார். அந்தப் பார்வையில் வெட்கம் இல்லை, பெருமைதான் இருந்தது. “சரி. மத்தவளுக ஏசாம இருந்தாச் சரி.”

ஒரு வாரத்துக்கு மேலாகப் பங்களாவுக்குப் பின்னாலிருந்த சரிவில் காற்றுக்கு முகம் கொடுத்து நின்றார். வாய் ஓயாது. ஓவியர் ஆங்கிலத்தில் எரிந்து விழுவார். நான் “கொஞ்சம் பேசாம நில்லுங்கக்கா” என்பேன். பேச்சு சுற்றிச் சுற்றி ஓர் இடத்துக்குத்தான் வரும். படம் முடிந்ததும் புருஷனையும் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு வந்து காட்ட வேண்டும்.

கடைசி நாள் படத்தைப் பார்க்க ராக்கம்மா கிட்டே வந்தபோது ஓவியர் அவசரமாகத் துணியைப் போட்டு மூடினார். “ஈரமாக இருக்கிறது, தொட்டுவிடுவாள்,” என்றார் என்னிடம். நான் அதை மொழிபெயர்க்கவில்லை. ராக்கம்மாவுக்கு அது தேவைப்படவும் இல்லை. கூடையை எடுத்துத் தலையில் மாட்டிக்கொண்டு மலைக்கு நடந்தார். மறுநாள் துரையின் காரில் படம் கொழும்புக்குப் போய்விட்டது.

தள்ளப்பட்ட மனு

இளைய வாசகர்களுக்காக இதைச் சொல்கிறேன். சுதந்திரம் வந்த கையோடு ஒரு சட்டமும் வந்தது. தலைமுறை தலைமுறையாக இந்த மலைகளில் உழைத்தவர்களை ஒரே கையெழுத்தில் எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாதவர்கள் ஆக்கிற்று. பிரஜாவுரிமை வேண்டுமானால் மனுப் போடு, இங்கேயே இருந்தாய் என்று நிரூபி என்றார்கள். லயத்தின் ஒற்றை அறைக் காம்பராவில் பிறந்த பிள்ளையின் பிறப்பை யார் பதிந்து வைத்தார்கள்?

எங்கள் குடும்பத்துக்குப் பிரஜாவுரிமை கிடைத்தது. அப்பா ஆசிரியர், கடதாசிகளைப் பத்திரமாக வைத்திருந்தார். என் பாட்டனும் ராக்கம்மாவின் பாட்டனும் ஒரே கப்பலில் வந்திருக்கலாம். அட்டை கடித்த காலோடு ஒரே காட்டுப் பாதையில் ஏறியிருக்கலாம். இப்போது ஒரு வீடு நாட்டுக்கு உள்ளே, இன்னொரு வீடு நாட்டுக்கு வெளியே. இரண்டு வீடுகளும் ஒரே மலையில் இருந்தன.

சன்னாசியின் மனு தள்ளப்பட்டது. கடைசிக் காலத்தில் இந்தியாவுக்குத் திரும்பிப் போன அவருடைய தகப்பன் இறந்தபோது, போய்க் காரியம் செய்துவிட்டு வந்திருந்தார். அதனால் இங்கே தொடர்ந்து வசிக்கவில்லையாம். தகப்பனுக்குக் காரியம் செய்தது குற்றமாகிவிட்டது.

அந்த வருஷம் ஏப்ரல் விடுமுறையில் ஒரு கலைச் சங்கம் என்னை நுவரெலியாவுக்கு வேலைக்கு அழைத்தது. மூன்று மொழிகளும் எழுதுவேன், கையெழுத்தும் திருத்தமாக இருக்கும். பெட்டிகளைப் பிரித்துக்கொண்டிருந்தபோது வைக்கோலுக்குள்ளிருந்து ராக்கம்மா என்னைப் பார்த்தார். கன்னத்துத் தழும்பைக் காணவில்லை. மற்றதெல்லாம் அவர்தான். நல்ல படம். அதை நான் மறைக்கப் போவதில்லை. மட்டமான படமாக இருந்திருந்தால் என் கோபம் எப்போதோ ஆறியிருக்கும்.

தலைப்பு ‘இலங்கையின் மகள்’. கண்காட்சி முடிந்ததும் நாட்டின் சார்பாக வெளிநாட்டுக்குப் போகத் தெரிவான படம் அது.

ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்தபோது ராக்கம்மாவின் காம்பராவுக்குப் போய்ச் சொன்னேன். அடுப்பை ஊதிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்தார்.

“என்னாது? லங்காவோட மகளா? நானா?”

“அப்பிடித்தான் பேரு வச்சிருக்காங்க.”

“யாரு வச்சா?”

“பெரியவங்கதான். தொறப்பு விழாவுக்குக் கவர்மெண்டுல பெரிய ஐயா ஒருத்தரு வர்றாராம்.”

ராக்கம்மா கண்ணில் அடித்த புகையைத் துடைத்துக்கொண்டு புருஷனைப் பார்த்தார். “கேட்டீங்களா? மனுவத் தள்ளுனதும் கவர்மெண்டு. மகள்னு சொல்றதும் கவர்மெண்டு. ரெண்டுல ஒண்ணுதான நெசமா இருக்க முடியும்?”

சன்னாசி அந்தத் தள்ளுபடிக் கடதாசியைத் தேடி எடுத்து மடித்துச் சட்டைப் பையில் வைத்தார்.

மண்டபத்துக்குள்

வாசலுக்குப் போய்ச் சேவகரிடம், இவர்கள் என்னைப் பார்க்க வந்தவர்கள் என்று சிங்களத்தில் சொன்னேன். அவர் தயங்கி வழிவிட்டார். இருவரும் வெறுங்காலோடு நடந்து வந்தார்கள். பளபளத்த தரையில் ஈரக் காலடிகள் பதிந்தன. பியானோ நிற்கவில்லை. பேச்சுகள் நின்றன.

ராக்கம்மா படத்துக்கு முன்னால் வெகுநேரம் நின்றார்.

“தழும்ப எடுத்துட்டாரு,” என்றார். பிறகு, “நல்லாத்தாங்க இருக்கு.” சன்னாசி படத்தையும் மனைவியையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு வெட்கத்தோடு தலையைக் குனிந்துகொண்டார். அந்த ஒரு நிமிஷம் அவர்கள் இருவரும் சந்தோஷமாக இருந்தார்கள். நான் பார்த்தேன்.

அரசாங்கத்துப் பெரிய அதிகாரி எழுந்து ஆங்கிலத்தில் பேசினார். அவர் பெயரும் பதவியும் வேண்டாம். இந்தப் பெண்தான் நம் மண்ணின் ஆன்மா என்றார். இவளுடைய விரல்களால் இந்த நாடு வாழ்கிறது, இவள் நம் மகள் என்று உலகத்துக்குச் சொல்வோம் என்றார். எல்லாரும் கை தட்டினார்கள்.

“என்னங்க டீச்சரம்மா சொல்றாரு?”

சொன்னேன்.

“நெசமாவா சொன்னாரு?”

“நெசமாத்தான் அக்கா.”

ராக்கம்மா முந்தானையை இழுத்துச் சொருகிக்கொண்டு நேரே அவரிடம் நடந்தார். கூட்டம் விலகிற்று. நானும் பின்னாலேயே போனேன்.

“கும்பிடுறேங்க ஐயா. படத்துல இருக்கிறது நாந்தான். நாட்டு மகள்னு இப்ப சொன்னீங்களே, அந்தப் பொம்பள. எங்க மனுவத் தள்ளிட்டாங்க. ஐயா இப்ப சொன்னத ஒரு வரி எழுதிக் குடுத்தீங்கன்னா ஆபீசுல கொண்டுபோய்க் காட்டுவோம்.”

சன்னாசி கடதாசியைப் பிரித்து இரண்டு கைகளாலும் நீட்டினார். நான் ஆங்கிலத்தில் சொன்னேன். யாரோ ஒருவர் சிரித்தார். தொடர்ந்து எல்லாரும் சிரித்தார்கள். கேலியாகக்கூட இல்லை. மழலை பேசும் குழந்தையைப் பார்த்துச் சிரிப்பதுபோல, ரசித்துச் சிரித்தார்கள்.

அதிகாரியும் புன்னகைத்தார். கடதாசியை வாங்கவில்லை. “அது சட்டம், இது கலை. இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்ள வேண்டாம் என்று சொல்லுங்கள்,” என்றார்.

அதற்குப் பிறகு எத்தனையோ கூட்டங்களில், எத்தனையோ படித்த வாய்களிலிருந்து இந்த வாசகத்தைக் கேட்டுவிட்டேன். ஒவ்வொரு தடவையும் எனக்கு அந்த நீட்டிய கைகள்தான் தெரிகின்றன.

ராக்கம்மா நான் சொன்னதைக் கேட்டுவிட்டு அவரை நேராகப் பார்த்தார்.

“அப்ப வெளிநாட்டுக்காரங்களுக்குக் காட்டுறதுக்கு மட்டும் நான் மகளா? வீட்டுக்குள்ள வச்சுக்க மாட்டீங்களா?”

ஒரு சொல் விடாமல் மொழிபெயர்த்தேன். இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை. ஓவியர் கையிலிருந்த கண்ணாடிக் குவளைக்குள் எதையோ பார்த்துக்கொண்டிருந்தார். சங்கத்தின் செயலாளர் அம்மையார் என் முழங்கையை இறுகப் பிடித்து, “இவர்களை வெளியே கூட்டிப் போ,” என்றார். நான் அசையவில்லை.

ராக்கம்மா தானாகவே திரும்பினார். படத்திடம் போனார். கொழுந்துக் கறை ஏறிய நகத்தால் கீழே ஒட்டியிருந்த அட்டையைச் சுரண்டி உரித்தார். அது வரும்போது சுவர்ச் சாயமும் கொஞ்சம் சேர்ந்து வந்தது.

“படத்த வச்சுக்கங்க. நல்லாத்தான் வரைஞ்சிருக்காரு. இந்தப் பேரு மட்டும் பொய்யி,” என்று சொல்லி, அட்டையைக் கிழித்து மடியில் கட்டிக்கொண்டு வெளியே நடந்தார். மழை நிற்கவேயில்லை.

இரண்டாவது அட்டை

“சீக்கிரம் இன்னொரு அட்டை எழுது,” என்றார் செயலாளர்.

எழுதினேன். மூன்று மொழிகளிலும், என்னால் முடிந்த மட்டும் அழகாக எழுதினேன். ராக்கம்மா. வேறெதுவும் இல்லை. கொண்டுபோய்ச் சுவரில் ஒட்டினேன்.

ஓர் இளைஞர் வந்து குனிந்து, “ரா... ரக்கம்மா?” என்று எழுத்துக் கூட்டி வாசித்தார். அந்த மண்டபத்தில் அந்தப் பெயரை வேறொருவர் வாயிலிருந்து கேட்டது அப்போது மட்டும்தான். செயலாளர் வந்து பார்த்துவிட்டு அட்டையைப் பிய்த்தெடுத்தார். நாளையிலிருந்து வர வேண்டாம் என்றார்.

செய்தி எங்கள் தோட்டத்துக்கு எனக்கு முன்பே வந்து சேர்ந்திருந்தது. துரை அப்பாவை ஆபீசுக்குக் கூப்பிட்டார். மகள் மன்னிப்புக் கேட்டு எழுதிக் கொடுக்க வேண்டும், இல்லாவிட்டால் பள்ளியில் அவளுக்கு இடமில்லை. அப்பா வந்து கோட்டைக் கழற்றி ஆணியில் மாட்டினார். எதற்கும் பயந்து பயந்து வாழ்ந்த மனிதர் அவர்.

“என்ன செய்யப் போற?”

“எழுத மாட்டேன் அப்பா.”

நாற்காலியில் உட்கார்ந்து செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, “எழுதாத,” என்றார்.

அப்படித்தான் நான் கொழும்புக்கு வந்தேன். ஓர் அருங்காட்சியகத்தில் எனக்குக் கிடைத்த முதல் வேலையும் பெயர் அட்டை எழுதுவதுதான். ராக்கம்மாவைச் செங்குத்தான, தூரத்து மலைக்கு மாற்றிப் பழிவாங்கினார்கள். பல மாதங்கள் அங்கேதான் பறித்தார். யாரிடமும் போய்க் கெஞ்சவில்லை. படம் பழைய தலைப்போடு வெளிநாட்டுக்குப் போயிற்று, பின்னால் திரும்பி வந்து நான் இரவல் கேட்ட அந்தச் சாப்பாட்டு அறைச் சுவரில் ஏறியது. பத்திரிகைகள் புகழ்ந்தன. ஓவியர் பெரிய ஆளானார்.

தலவாக்கலை ஸ்டேஷன்

அறுபதுகளின் நடுவில் இரண்டு நாட்டுத் தலைவர்கள் ஒரு மேசையில் உட்கார்ந்து எங்கள் மக்களைப் பாகம் பிரித்தார்கள். இவ்வளவு பேர் உனக்கு, இவ்வளவு பேர் எனக்கு. ஆடுமாடு பிரிக்கும்போதுகூட அதன் முகத்தைப் பார்ப்பார்கள்.

சன்னாசி அதற்கு முன்பே சலித்துப்போயிருந்தார். கண்டியிலிருந்த இந்திய அலுவலகத்துக்கு அலைந்து குடும்பத்துக்கே இந்தியப் பாஸ்போட் எடுத்துவிட்டார். அவர்கள் இந்தியாவுக்குப் புறப்படும் நாளை அப்பா சொல்லியனுப்ப, நான் விடுமுறை போட்டு ரயிலேறி வந்தேன்.

ஸ்டேஷன் முழுக்கத் தகரப் பெட்டிகள், சாக்கு மூட்டைகள், ஒருவரையொருவர் கட்டிக்கொண்டு ஒப்பாரி வைக்கும் பெண்கள். ராக்கம்மா அழவில்லை. முன்தலை நரைத்திருந்தது. மூட்டையை ஒழுங்காக ஏற்றாத மகனை ஏசிக்கொண்டிருந்தார்.

“போகாதீங்கக்கா,” என்றேன். வேறென்ன சொல்வதென்று தெரியவில்லை.

“இருன்னு யாரு சொன்னா டீச்சரம்மா? நீங்க ஒருத்தருதான்.”

பிறகு இடுப்புப் பையிலிருந்து பாஸ்போட்டை எடுத்துப் பிரித்தார். ஹட்டன் ஸ்டூடியோ ஒன்றில் பிடித்த படம், அதோடு பெயர்.

“இதுல என்ன எழுதியிருக்குன்னு வாசிங்க.”

“ராக்கம்மா.”

“சரியா எழுதியிருக்காங்களா?”

“சரியா இருக்குக்கா.”

“அப்ப சரி,” என்று மூடிப் பைக்குள் வைத்தார். அதைக் கொடுத்த நாட்டை அவர் ஒரு நாளும் கண்டதில்லை.

ரயில் ஊதிற்று. நான் பெட்டியின் படியைப் பிடித்தபடி நின்றேன். ஆட்களை ஏற்றிக்கொண்டிருந்த பொலிஸ்காரர் ஒருவர் அவசரத்தோடு, “மிஸ் நகின்னே நெத்த?” என்றார். நீங்கள் ஏறவில்லையா?

“நே. மட்ட கடதாசி தியெனவா,” என்றேன். இல்லை, எனக்குக் கடதாசி இருக்கிறது.

அவர் தலையாட்டிவிட்டு அடுத்த பெட்டிக்குப் போனார். ரயில் நகர்ந்தது. ராக்கம்மா ஜன்னலோரம் நின்றிருந்தார். நான் சொன்னது அவர் காதிலும் விழுந்திருக்கும். அப்படி ஒரு பதிலை, அவருக்கு முன்னால், என் வாயால் சொல்ல வைத்தவர்களை நான் இன்றுவரை மன்னிக்கவில்லை.